அமிர்தராஜ் கேட்ட சத்தம்

தேனியில் பஞ்சு பிரிக்கிற ஜின்னிங் மில்லில் பிட்டராக இருந்த அமிர்தராஜ், எந்த மிஷினையும் பார்ப்பதற்கு முன் கேட்கிறவன். ஆயில் எஞ்சின் ஓடிக்கொண்டிருக்கும்போதே ஒரு பூவரசங் குச்சியின் ஒரு முனையை இரும்பின் மேல் ஊன்றி, மறுமுனையைக் காதோர எலும்பில் அழுத்திக்கொண்டு கண்ணை மூடிவிடுவான். எங்கே எண்ணெய் வற்றியிருக்கிறது, எங்கே தண்டு ஆடுகிறது என்பதெல்லாம் அந்தக் குச்சி வழியாகவே அவனுக்கு வந்து சேரும். "மிஷினுக்கு நாடி பாக்குறாரு" என்று மில்லில் கேலி செய்வார்கள். அவனும் சேர்ந்து சிரிப்பான். நாற்பதை நெருங்கியும் கல்யாணம் ஆகாதவன் என்பதால் அதைப் பற்றிய கேலியும் உண்டு. "இந்த இரைச்சல்ல எவ வந்து குடியிருப்பா?" என்று சொல்லிவிட்டு, எண்ணெய்க் குப்பியை எடுத்துக்கொண்டு நகர்ந்துவிடுவான்.

அவன் பிறந்தது உத்தமபாளையத்துக்கு மேற்கே, மலையடிவாரத்தில், கிறிஸ்தவர்கள் வாழ்ந்த வேதக்கார ஊர் ஒன்றில். கோயில் தெரு முடிகிற இடத்தில் ஊர்க்கிணறு. அதில் தொங்கிய இரும்புக் கப்பி நடு ஆணி தேய்ந்துபோய், வாளி ஏறும்போதெல்லாம் வீரிட்டது. மற்றவர்கள் காதில் போட்டுக்கொள்ளாமல் இறைத்துக்கொண்டு போவார்கள். அதே தெருப் பெண் மதலேனாள் மட்டும் பொறுக்கமாட்டாள். குடத்தை இடுப்பில் வைத்தபடியே அவன் வீட்டு வாசலுக்கு வந்து குரல் கொடுப்பாள்.

"ஏலே அமிர்து, கப்பி கத்துற கத்துல காது கிழியுது. வந்து என்னன்னு பாரு."

அவன் போய்க் கப்பியைக் கழற்றி, ஆணிக்கு ஒரு துண்டுத் தகரம் சுற்றி, விளக்கெண்ணெய் விட்டு மாட்டுவான். சில நாள் அமைதியாக இருக்கும். மறுபடியும் கத்தும். மறுபடியும் அவள் வருவாள். இரண்டு வீட்டாரும் வாய்விட்டு எதுவும் பேசியதில்லை. ஆனாலும் கிணற்றடிப் பெண்கள் மதலேனாளைப் பார்த்து, "உன் கொல்லன் வரலையா?" என்று கேட்கிற அளவுக்கு ஊருக்குத் தெரிந்திருந்தது.

கையில் ஒரு தொழில் இல்லாமல் பெண் கேட்கப் போகமுடியாது என்று நினைத்த அமிர்தராஜ், மதுரையில் ஒரு பட்டறையில் பிட்டர் வேலை கற்றுக்கொள்ளக் கிளம்பினான். அது ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபதுகளின் கடைசி. போவதற்கு முந்தின நாள் கிணற்றடியில் அவளிடம், "மாதா திருநாளுக்கு முந்தி வந்துருவேன். வந்ததும் எங்க அய்யாவ உங்க வீட்டுக்கு அனுப்புறேன்" என்றான்.

"சீக்கிரம் வா" என்றாள் அவள். அதற்கு மேல் பேச ஆள் நடமாட்டம் விடவில்லை.

சொன்னபடி திருநாளுக்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை வந்து சேர்ந்தான். பஸ்ஸை விட்டு இறங்கி, பெட்டியைக்கூட வீட்டில் வைக்காமல் பூசைக்குப் போய் ஆண்கள் பக்கம் கடைசியில் நின்றான். பிரசங்கம் முடிந்து ஓலை வாசித்தார்கள். வேதக்காரர் வீட்டுக் கல்யாணம் என்றால் அதற்கு முன்னால் மூன்று ஞாயிறு கோயிலில் மாப்பிள்ளை பெயரையும் பெண் பெயரையும் சொல்லி, தடை தெரிந்தவர்கள் வந்து சொல்லவேண்டும் என்று கேட்பது வழக்கம். சின்னமனூர் ஏலக்காய் வியாபாரி மரிய ஜோசப், முதல் தாரத்தை இழந்தவர். அவருக்கும் இந்த ஊர் மதலேனாளுக்கும் கல்யாணம். இது மூன்றாம் ஓலை, கடைசி ஓலை.

பெண்கள் பக்கத்தில் முக்காடுகள் வரிசையாக இருந்தன. எது அவள் என்று அவனுக்குத் தெரியவில்லை. தடை என்றால் உறவு முறை தப்பியிருக்கவேண்டும். முன்னமே யாருக்காவது தாலி கட்டியிருக்கவேண்டும். கப்பிக்கு எண்ணெய் விட்டேன் என்பதை எந்தச் சாமியாரிடம் போய்த் தடை என்று சொல்வது? கோயில் அமைதியாக இருந்தது. பிறகு விசுவாசப் பிரமாணம் சொல்ல எல்லாரும் எழுந்தார்கள். அவனும் எல்லாரோடும் சேர்ந்து சொன்னான்.

அந்த வாரமே தேனிக்குப் போய் ஜின்னிங் மில்லில் சேர்ந்துகொண்டான். சின்னமனூர் வழியாகப் பஸ்ஸில் போகவேண்டி வந்தால் கண்ணை மூடிக்கொள்வான். பக்கத்தில் இருப்பவர்கள் தூங்குகிறான் என்று நினைப்பார்கள்.

இரண்டாம் உலகச் சண்டை நடந்துகொண்டிருந்த வருசங்களில், பெட்ரோல் கிடைக்காமல் பஸ்கள் முதுகில் அடுப்பைக் கட்டிக்கொண்டு கரிப்புகையில் ஓடிய காலத்தில், ஒரு கண்டக்டர் மில் வாசலில் வந்து அவனைத் தேடினான்.

"சின்னமனூர்ல ஏலக்காய் மரிய ஜோசப் வீட்டுல துணி தொவைக்கிற மிஷின் ஒண்ணு சத்தம் போடுதாம். நல்ல பிட்டரா அனுப்பி வையின்னு அந்த முதலாளி சொன்னாக. அவுகளால எந்திரிச்சு வரமுடியாதுல்ல, பாவம்."

"ஏன், அவருக்கு என்ன?"

"தெரியாதா? மேகமலைக்கு ஏலத்தோட்டம் பாக்கப் போன எடத்துல பாறையில சறுக்கி விழுந்துட்டாக. இடுப்புக்குக் கீழ உணர்ச்சி இல்ல. படுக்கைதான். அந்தம்மாதான் எல்லாம் பாக்குது."

போகக்கூடாது என்று சனிக்கிழமை வரை நினைத்தான். ஞாயிற்றுக்கிழமை முதல் பூசை முடிந்ததும் பைக்குள் ஸ்பேனர்களையும் குச்சியையும் போட்டுக்கொண்டு பஸ் ஏறினான்.

வீட்டுக்குள் நுழைந்ததும் கூடத்தை ஒட்டிய அறையிலிருந்து ஒரு கனத்த குரல் வந்தது. "யாரு, மேஸ்திரியா? வாங்க தம்பி. நான் படுத்த எடத்துலயே வரவேற்கிறேன், தப்பா நினைக்காதீக."

மரிய ஜோசப் தலையணைகளில் சாய்ந்திருந்தார். நரைத்த மீசை, சிரிக்கிற கண். விரிப்பு வெள்ளை வெளேரென்று இருந்தது. அவர்தான் மிஷின் கதையைச் சொன்னார். தினமும் மாற்றுகிற விரிப்பும் துணியும் மலைபோலச் சேர்ந்தன. வெளுக்கிறவர்கள் வாரம் ஒருமுறைதான் வருவார்கள். மனைவி காரச் சோப்பில் அலசி அலசி உள்ளங்கை வெடித்துப் போயிருந்ததை ஒருநாள் கஞ்சி கொடுக்கும்போது பார்த்துவிட்டார். மலையில் ஒரு துரை சீமைக்குத் திரும்பியபோது பங்களாச் சாமானை ஏலம் விட்டார்கள். மற்றவர்கள் நாற்காலிக்கும் கடிகாரத்துக்கும் போட்டி போட, இவர் ஆளனுப்பித் துணி துவைக்கிற மிஷினை இறக்கிக்கொண்டு வரச் சொன்னார்.

"நல்லாத்தான் ஓடுச்சு. இப்ப ஒரு மாசமா உறுமுது. எனக்குக் காதுதான் வேலை, படுத்தே கெடக்கேன்ல? பின்கட்டுல இருக்கு. பாருங்க" என்றார்.

பின்கட்டில் மதலேனாள் நின்றுகொண்டிருந்தாள். கன்னம் ஒட்டியிருந்தது. நெற்றியோரம் நரை. அவன் பையைக் கீழே வைத்தான். அவளை என்னவென்று கூப்பிடுவது என்று தெரியவில்லை. மற்ற முதலாளி வீடுகளில் "அம்மா" என்பான். இங்கே அந்த வார்த்தை வாயில் எழவில்லை. பெயர் சொல்லவும் முடியாது.

"சுத்திக் காட்டுங்க" என்று மட்டும் சொன்னான்.

நாலு காலில் நின்ற இரும்புத் தொட்டி. அதற்குள் துளைபோட்ட செம்பு உருளை. துணியையும் சோப்புத் தண்ணீரையும் போட்டு வெளியே இருக்கிற கைப்பிடியைச் சுற்றினால் உருளை உள்ளே புரண்டு துவைக்கும். உருளையின் தண்டு தொட்டிச் சுவரைத் துளைத்துக்கொண்டு வருகிற இரு பக்கமும், அதைத் தாங்குவதற்கு ஒவ்வொரு வெண்கல வளையம். மில்லில் அதைப் புஷ் என்பார்கள், பேரிங் என்றும் சொல்வதுண்டு. தண்டின் பாரம் முழுவதும் இவற்றின்மேல்தான்.

அவள் சுற்றினாள். தொட்டி உறுமியது. கூரை ஓடு அதிர்கிற உறுமல். அமிர்தராஜ் குச்சியைத் தொட்டிச் சுவரில் ஊன்றிக் காதில் வைத்தான். கைப்பிடிப் பக்கம் மெல்லிய சரசரப்பு, அவ்வளவுதான். எதிர்ப்பக்கத்தில் வைத்தான். கரகரவென்று அரைத்தது; உருளை ஒரு சுற்று முடிக்கும்போதெல்லாம் டொக்கென்று ஒரு குதி. நிறுத்தச் சொல்லி, மூடியைத் திறந்து, உருளையின் விளிம்பைக் கையால் மேலே தூக்கினான். அசையக்கூடாத அது ஒரு விரல் தடிமனுக்கு எழுந்து, விட்டதும் டொக்கென்று உட்கார்ந்தது. புஷ்ஷுக்குக் கீழே தொட்டிச் சுவரில் கறுப்பும் பழுப்புமாக ஒரு கோடு இறங்கியிருந்தது. விரலில் தொட்டுத் தேய்த்தான். கிரீசோடு சோப்புத் தண்ணீர் கலந்திருந்தது. நுண்ணிய வெண்கலப் பொடி மின்னியது. தண்ணீரைத் தடுக்கிற தோல் வளையம் மக்கிப்போய், சோப்பு உள்ளே புகுந்து கிரீசைக் கழுவிவிட்டது. காய்ந்த புஷ் தேய்ந்துவிட்டது. அதில் சந்தேகப்பட எதுவும் இல்லை.

ஆனாலும், "இன்னொரு தடவ சுத்துங்க" என்றான்.

அவள் சுற்றினாள். உறுமல் எழுந்ததும், கைப்பிடியிலிருந்து கண்ணை எடுக்காமல், உதடு அசைகிறதா இல்லையா என்கிற மாதிரி கேட்டாள்.

"நல்லாருக்கியா?"

அமிர்தராஜ் குச்சியை எடுக்கவில்லை. "இருக்கேன்" என்றான்.

"கல்யாணம் முடிக்கலையாமே."

"இல்ல."

"ஏன்?"

அதற்குள் அவள் கை ஓய்ந்தது. உறுமல் நின்றது. வீடு முழுவதும் அமைதி. அறையிலிருந்து குரல் வந்தது.

"என்ன மேஸ்திரி, தெரிஞ்சுதா?"

அமிர்தராஜ் பதில் சொல்வதற்கு முன் அவளைப் பார்த்தான். அவள் நெற்றி வியர்வையைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

"புஷ் தேஞ்சிருக்கு முதலாளி" என்று உரக்கச் சொன்னான்.

"புதுசு போட்டுறலாமா?"

மில்லில் உடைசல் குவியலில் பழைய எஞ்சினின் வெண்கலப் புஷ்கள் கிடந்தன. ஒன்றை எடுத்துக் கடைசல் பிடித்தால் இந்தத் தண்டுக்குக் கச்சிதமாக இருக்கும். அது நினைவில் பளிச்சென்று வந்தது.

"சண்டைக் காலம் முதலாளி. வெண்கலம் கிடைக்கிறது கஷ்டம். இப்போதைக்கு இதையே சரிபண்ணித் தாரேன்."

புஷ்ஷைத் தட்டிக் கழற்றினான். உள்ளே ஒரு பக்கம் மட்டும் குழிவாகத் தேய்ந்திருந்தது. அதைப் பாதி திருப்பி, தேயாத பக்கம் கீழே வரும்படி மாட்டினான். தோல் வளையத்தை மாற்றி, கிரீஸ் அப்பினான். சுற்றிப் பார்த்தபோது உறுமல் பாதியாகக் குறைந்திருந்தது. முழுக்க நிற்கவில்லை. சில மாதம் தாங்கும், அதற்குப் பிறகு கூப்பிட்டு அனுப்புவார்கள் என்று அவனுக்குத் தெரியும். திரும்பும் பஸ்ஸில் கரிப்புகை கண்ணை எரித்தது. சின்னமனூர் பின்னால் மறைகிறவரை முதல்முறையாக அவன் கண்ணை மூடவில்லை.

சொல்லி வைத்தாற்போல் கூப்பிட்டு அனுப்பினார்கள். அடுத்த முறை தகரச் சுருளைப் புஷ்ஷுக்குள் செருகி இறுக்கினான். அதற்கடுத்த முறை வெறும் கிரீஸ். ஒவ்வொரு முறையும் அவள் சுற்ற, அவன் குச்சியைக் காதில் வைத்துக்கொண்டு நிற்பான். உறுமலுக்கு அடியில் இரண்டு மூன்று வார்த்தைகள். கிணற்றை மூடிவிட்டார்களாமே என்பாள். கப்பியை யார் எடுத்துப் போனார்கள் தெரியவில்லை என்பான். மூன்றாம் ஓலை வாசித்த அன்றைக்கு நீ கோயிலில் நின்றதைப் பார்த்தேன் என்று ஒருநாள் சொன்னாள்.

"பாத்தியா?"

"திரும்பிப் பாக்கக்கூடாதுன்னு ஆத்தா சொல்லியிருந்தா. பாத்தேன்."

அவன் ஏதோ சொல்ல வாயெடுத்தபோது கை ஓய்ந்துவிட்டது. அந்த ஒரு வாக்கியத்தை வைத்துக்கொண்டு தேனியில் பல நாள் இருந்தான். மில்லில் எஞ்சின் இரைச்சலுக்கு நடுவே தானாகச் சிரித்துக்கொள்வான்.

மழைக்காலம் முடிந்து மறுபடியும் கூப்பிட்டு அனுப்பியபோது, மரிய ஜோசப்பின் குரலில் பழைய கனம் இல்லை. "வாங்க தம்பி" என்றார். ஒருக்களித்துப் படுக்கவைத்திருந்தார்கள். காய்ச்சல் கண்ணில் தெரிந்தது. அறையில் மருந்து நெடி.

பின்கட்டில் அவள் மிஷின் பக்கமே போகவில்லை. கொடியில் காய்ந்த ஒரு விரிப்பை எடுத்து வெயிலுக்கு நேராகப் பிடித்துக் காட்டினாள். வெள்ளைத் துணியில் பழுப்புக் கறைகள். நெசவுக்குள் மணல்போல ஏதோ மின்னியது. அவன் விரலால் தடவினான். வெண்கலப் பொடியும் தகரச் சிம்புமாகச் சொரசொரத்தது.

அவள் சுற்றத் தொடங்கினாள். முன்னெப்போதும் இல்லாத உறுமல்.

"அவுக இடுப்புக்குக் கீழ புண்ணு" என்றாள். "படுக்கைப் புண்ணு, ஆறிக்கிட்டுதான் வந்துச்சு. இந்தப் பொடி அராவி அராவி மறுபடி கிளம்பிருச்சு. நேத்து டாக்டர் இடுக்கியால எடுத்து எங்கிட்டக் காட்டுனாரு. அவுகளுக்கு வலிகூடத் தெரியாது. அதுதான் எனக்குப் பொறுக்கல."

அமிர்தராஜின் கையிலிருந்த குச்சி தாழ்ந்தது.

"புஷ் கிடைக்கும்ல?" என்று கேட்டாள். சுற்றுவதை நிறுத்தவில்லை.

"கிடைக்கும்."

"மொதல்லயே கிடைச்சிருக்கும்."

அவன் விரலில் ஒட்டிய பொடியை வேட்டியில் துடைத்தான்.

"எனக்கு அன்னைக்கே தெரியும். சுத்தச் சொல்லி ரெண்டாந்தடவ கேட்டபோதே தெரியும்" என்றாள். மூச்சு வாங்கியது. "தெரிஞ்சுக்கிட்டுதான் நானும் சும்மா இருந்தேன். உன்னைய மட்டும் சொல்லல. சத்தம் வரட்டும்னு நானும்தான் இருந்தேன். போதும் அமிர்து. நல்லதாப் போட்டுரு. இனிமே இது சத்தம் போடக்கூடாது."

கைப்பிடியை விட்டாள். உருளை தானாக ஒரு சுற்றுச் சுற்றி, டொக்கென்று நின்றது.

"என்ன மேஸ்திரி?" என்றது அறைக்குள்ளிருந்து மெலிந்த குரல்.

"புதுப் புஷ் போட்டுறலாம் முதலாளி. நாளைக்கே கொண்டு வாரேன்."

தேனிக்குத் திரும்பியவன் மானேஜரிடம் கேட்டுவிட்டு உடைசல் குவியலைக் கிளறினான். நல்ல கனமான வெண்கலமாக ஒன்றைத் தேர்ந்தெடுத்தான். கடைசல் மிஷினில் ஏற்றி, சுருள் சுருளாகச் செதுக்கினான். கொஞ்சம் எடுப்பதும் அளவு பார்ப்பதும் மறுபடி எடுப்பதுமாக, எஞ்சினுக்குச் செய்வதைவிடக் கவனமாகச் செய்தான். எண்ணெய் தங்குவதற்கு உள்ளே ஒரு வாய்க்கால் வெட்டினான். தண்ணீர் எட்டிப் பார்க்காதபடி இரட்டைத் தோல் வளையம் அறுத்தான். அதைக் கையில் ஏந்திப் பார்த்தபோது இதுவரை செய்ததில் இதுதான் நல்ல வேலை என்று தோன்றியது. அதைத் துணியில் சுற்றிப் பையில் வைத்தான்.

மறுநாள் அதைப் பொருத்தினான். தொட்டியைப் பொடி ஒரு துணுக்கும் இல்லாமல் சீயக்காய் போட்டுக் கழுவினான். உருளையின் விளிம்பைப் பிடித்து மேலே தூக்கினான். அசையவில்லை.

"சுத்துங்க."

அவள் சுற்றினாள். தண்ணீர் அலம்புகிற சத்தம் மட்டும் கேட்டது. தெருவில் எங்கோ ஒரு வண்டிக்காரன் மாட்டை அதட்டுவதும் கேட்டது. அவள் சுற்றிக்கொண்டே அவனைப் பார்த்தாள். அவனும் பார்த்தான். சொல்வதற்கு எத்தனையோ இருந்தன. குரல் எழும்பினால் அறைக்குப் போய்விடும்.

"மேஸ்திரி! ஓடுதா என்ன? சத்தமே காணோமே!" என்றார் மரிய ஜோசப்.

"ஓடுது முதலாளி."

"பலே! நல்ல கையய்யா உமக்கு. இந்தா, மேஸ்திரிக்குச் சாப்பாடு போடு. சாப்பிட்டுத்தான் போகணும்."

அவள் இலை போட்டாள். அவன் தலை நிமிராமல் சாப்பிட்டான். கிளம்பும்போது அறை வாசலில் நின்று விடைபெற்றான். மரிய ஜோசப் கையை நீட்டி அவன் கையைப் பிடித்துக்கொண்டார். "என்ன உதவின்னு உங்களுக்குத் தெரியாது தம்பி. அவ கையி இப்பத்தான் ஆறியிருக்கு" என்றார்.

அதற்குப் பிறகு சின்னமனூரிலிருந்து ஆள் வரவில்லை. மில் வாசலில் எந்தக் கண்டக்டர் வந்து நின்றாலும் அமிர்தராஜ் தலையைத் தூக்கிப் பார்ப்பான். புஷ் தேயவில்லை. அவன் செய்தது தேயாது.

மரிய ஜோசப்பின் புண் ஆறியது. மேலும் மூன்று வருசம் இருந்தார். தேசம் சுதந்திரம் அடைந்த வருசத்தில், மழைக்கு முன், நெஞ்சில் சளி கட்டி இறந்துபோனார். அடக்கத்துக்கு அமிர்தராஜ் போனான். பெட்டியைத் தூக்கியவர்களில் அவனும் ஒருவன். அவளிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. பேசுகிற நாளும் அது இல்லை.

வருசப் பூசை முடிந்த மறுவாரம் சின்னமனூருக்குப் பஸ் ஏறினான். சலவைச் சட்டை போட்டிருந்தான். வழியெல்லாம் சொல்லவேண்டியதை மனசுக்குள் கட்டிக் கட்டிப் பார்த்துக்கொண்டு போனான். வேதத்தில் தாலி அறுத்தவளுக்கு மறுபடி கல்யாணம் தடையில்லை. ஓலை வாசிப்பார்கள், யாரும் எதுவும் சொல்லப்போவதில்லை.

மதலேனாள் கதவைத் திறந்தாள். "வா" என்று கூடத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டாள். அறைக் கதவு திறந்துதான் இருந்தது. கட்டிலில் மெத்தையைச் சுருட்டி வைத்திருந்தார்கள். வீட்டில் வேறு யாரும் இல்லை. எவ்வளவு உரக்க வேண்டுமானாலும் பேசலாம்.

இரண்டு பேருக்கும் எங்கே தொடங்குவது என்று தெரியவில்லை. மழை பெய்ததா என்று கேட்டாள். தேனியில் பெய்தது என்றான். மில்லில் வேலை எப்படி என்று கேட்டாள். ஓடுகிறது என்றான்.

"நீ எதுக்கு வந்திருக்கேன்னு தெரியுது" என்று அவளே சொன்னாள். "கேட்டுறாத. கேட்டா நான் இல்லேன்னு சொல்லணும். சொன்னா நீ அப்புறம் வரமாட்ட."

"ஏன் இல்லேன்னு சொல்லணும்?"

அவள் அறைக்குள் கிடந்த கட்டிலைப் பார்த்தாள். "இன்னமும் விடியக்காலம் முழிச்சு, அவுகள எந்தப் பக்கம் திருப்பிப் படுக்கவைக்கணும்னுதான் மொதல்ல நினைக்கேன்" என்றாள். "அந்த நினைப்போட உன் வீட்டுக்கு எப்படி வருவேன்? அது போகுமான்னு எனக்கே தெரியல."

அமிர்தராஜ் வந்த காரியத்தைக் கேட்கவில்லை. அவள் அடுப்படிக்குப் போனாள். அவன் கூடத்தில் உட்கார்ந்து, உள்ளே பாத்திரம் உருளுவதையும் அவள் இருமுவதையும் கேட்டுக்கொண்டிருந்தான். கொஞ்ச நேரத்தில் எழுந்து அடுப்படி நிலையோரம் போய் நின்றான். அவள் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். ஒரு கை நிறைய எடுத்து அவன் பக்கம் தள்ளினாள். அவன் கீழே உட்கார்ந்து உரிக்கத் தொடங்கினான்.

"அடுத்த மாசம் வரட்டுமா?" என்று கேட்டான்.

"வா" என்றாள்.